கானுக்கு இந்தப் பக்கம் ஒரு வாசல்

தோட்ட ஆஸ்பத்திரிகளில் புதிதாகச் சேரப்போகும் தங்கைமாருக்கு ஏதாவது எழுதித் தரும்படி கேட்டிருக்கிறார்கள். ஓய்வு பெற்றவள் என்ற முறையில் எழுதுகிறேன் என்று அண்ணனிடம் சொன்னேன். அவர் வாய்விட்டுச் சிரித்தார். கலியாணம் நிச்சயமானால் நர்ஸ் வேலையை விட்டுவிட வேண்டும் என்பது விதி. அதனால் தலையில் ஒரு நரைகூட விழாமல் ஓய்வு பெற்றுவிட்டேன். உங்களில் சிலர் என்னைவிட மூத்தவர்களாகவும் இருக்கலாம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

காய்ச்சல் பார்க்கவும் கட்டுப்போடவும் உங்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. பயிற்சியில் அதெல்லாம் நன்றாகவே கற்றுத்தருகிறார்கள். நோயாளி இறந்த பிறகு செய்ய வேண்டியவற்றுக்கு மட்டும் மிகச் சிறிய பட்டியல்தான் கொடுத்தார்கள்: கண்களை மூடு, தாடையைக் கட்டு, கைகால்களை நேராக்கு, துணியால் மூடு, பெயர்ச்சீட்டைக் கட்டு. அதோடு நம் வேலை முடிந்தது. பட்டணத்து ஆஸ்பத்திரிக்கு அது போதும். அங்கே வெளிவாசலில் உறவுக்காரர் வண்டியோடு காத்திருப்பார்கள். நாம் இந்தப் பக்கம் கதவைச் சாத்திவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போகலாம். தோட்டத்தில் அப்படி இல்லை. இறந்தவருடைய மனைவி நாளைக்கும் உங்களிடம்தான் மருந்துக்கு வருவாள். அவளை எப்படி அனுப்பினீர்கள் என்பது உங்கள் மருந்தோடு கலந்துவிடும்.

நான் வேலை பார்த்தது கோலசிலாங்கூருக்கு வடக்கே, ஆற்றைக் கடந்து போக வேண்டிய ஒரு ரப்பர் தோட்டத்தில். பெரிய யுத்தம் முடிந்து ரப்பர் விலை விழுந்தும் எழுந்தும் கொண்டிருந்த வருடங்கள் அவை. தாழ்ந்த நிலம். கடல் தண்ணீர் உள்ளே வராமல் கரை கட்டி, உள்ளே கான் என்னும் வடிகால்கள் வெட்டி வடியவிட்ட மண். எங்கே தோண்டினாலும் முழங்கால் ஆழத்தில் ஈரம் தெரியும். தொழிலாளர் குடியிருந்த வரிசை வீடுகளான லயங்களுக்கும் வெளிக்காட்டுக்கும் நடுவே ஒரு பெரிய கான் ஓடியது. அதன்மேல் பலகைப் பாலம் ஒன்று. குரல் எட்டும், கை எட்டாது, அவ்வளவு அகலம்.

நான் சேர்ந்த மறுவருடம் லயத்தில் வாந்திபேதி கண்டது. டாக்டர் உடனே கானுக்கு அந்தப் பக்கம் அத்தாப்பு ஓலைக் கொட்டகை ஒன்று போடவைத்து, நோய் கண்டவர்களை அங்கே மாற்றினார். பாலத்தில் காவல் போட்டார். ஈஜோக் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலும் நோய் கண்டிருப்பதாகச் செய்தி வரவே, உத்தரவுகளை என்னிடம் சொல்லிவிட்டுப் புறப்பட்டார். டாக்டருக்கு உதவியாக மருந்து கொடுக்கும் டிரசர் மலேரியாவில் படுத்திருந்தார். ஆக, கொட்டகையும் உத்தரவும் என் கையில்.

உத்தரவுகள் இவை. கொட்டகைக்குப் போனவர் குணமாகும்வரை திரும்பக்கூடாது. இறந்தால் உடலை லயத்துக்குக் கொண்டுபோகக்கூடாது. குளிப்பாட்டக்கூடாது. அந்தப் பக்கத்திலேயே, அன்றைக்கே, சுண்ணாம்பு போட்டுப் புதைக்க வேண்டும். நான்கும் சரியான உத்தரவுகள். இன்றைக்கும் ஒன்றையும் மாற்றமாட்டேன்.

டாக்டர் போன மறுநாள் காலை மாரிமுத்து என்ற பால்வெட்டுக்காரர் கொட்டகையில் இறந்துபோனார். முந்திய நாள்தான் அவரைக் கொண்டுவந்தோம். கம்பளியில் சுற்றித் தூக்கிவந்தபோது அவருடைய மனைவி அஞ்சலை ரப்பர் காட்டில் பால் வெட்டிக்கொண்டிருந்தாள். அவள் திரும்பி வந்து பார்த்தபோது அறையில் ஆள் இல்லை. நான் நின்று அந்த அறைக்கு, கதவு உட்பட, சுண்ணாம்பு அடிக்க வைத்துக்கொண்டிருந்தேன்.

செய்தி சொல்லி அனுப்பினேன். கொட்டகையில் வேலை செய்த வேலுவிடம் குழி தோண்டச் சொன்னேன். வேலுவுக்கு அந்த நோய் வந்து பிழைத்திருந்தது. அவருக்கு எதற்கும் பயமில்லை. மண்வெட்டியை எடுத்துக்கொண்டே, "மிஸ்ஸியம்மா, கடல் பெருக்கு ஏறினா குழில தண்ணி ஊறிடும். மத்தியானத்துக்குள்ள வச்சு மூடிடணும்" என்றார்.

மருந்துத் தண்ணீரில் கைகால் கழுவிக்கொண்டு நான் பாலத்தைக் கடந்து வந்தபோது இந்தப் பக்கம் லயமே திரண்டு நின்றது. ஆண்கள் பச்சை மூங்கிலில் பாடை கட்டிக் கொண்டுவந்திருந்தார்கள். முன்னால் கங்காணி. அவருக்குப் பக்கத்தில் தோட்டத்துக் கணக்கு எழுதும் எங்கள் யாழ்ப்பாணத்துக் கிராணியார், குடையை விரிக்காமல் கையில் பிடித்தபடி, வேர்த்துக்கொண்டு நின்றார்.

"ஒடம்பக் குடுங்க மிஸ்ஸியம்மா" என்றார் கங்காணி. "நாங்க கொண்டுபோயி, செய்ய வேண்டியதச் செஞ்சு, நாங்களே பொதைச்சுக்குறோம். ஒங்களுக்கு ஒரு தொல்லையும் இல்ல."

நான் விளக்கினேன். நோய் எப்படிப் பரவுகிறது, கண்ணுக்குத் தெரியாத கிருமி எது, கான் தண்ணீரில் கலந்தால் என்ன ஆகும் என்று, பயிற்சியில் எழுதிய விடையை அப்படியே ஒப்பித்தேன்.

அஞ்சலையின் அடுத்த அறைக்காரி பாப்பாத்தி. பெரிய குரல், பெரிய உடம்பு. அவள் இடுப்பில் கைவைத்துக்கொண்டு சொன்னாள்: "மிஸ்ஸியம்மா பேசுறதுல பாதி யாழ்ப்பாணம், மீதி பொஸ்தகம். நமக்கு வெளங்குற மாதிரி ஒண்ணு கேக்குறேன். மனுசன மூட்டையாட்டம் தூக்கிப் போட்டுச் சுண்ணாம்பக் கொட்டுவீங்களோ? செத்த மாட்டுக்குக்கூட நாலு பேரு நிப்போமே!"

ஆண்கள் பாலத்தில் கால்வைத்தார்கள். காவலாள் என்னைப் பார்த்தான். கிராணியார் பதறிப்போனார்.

"பிள்ளை, உது சரிவராது. நான் ஆற்றுக்கு ஆள் அனுப்பிப் பொலிசைக் கூப்பிடுறன்."

"பொலிஸ் வரும்போது குழியில் தண்ணீர் நிற்கும், ஐயா" என்றேன். "கொஞ்சம் பொறுங்கோ."

எனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை என்பதுதான் உண்மை. கூட்டத்தோடு பேசிப் பயனில்லை என்பது மட்டும் தெரிந்தது. கூட்டத்துக்குக் கோபம் மட்டும்தான் இருக்கும். என்ன வேண்டும் என்பது ஒருவருக்குத்தான் தெரியும். அந்த ஒருத்தி பின்னால், அழாமல், சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"அஞ்சலை, நீ முன்னால் வா. உனக்கு எது நடந்தே ஆகவேண்டும்? ஒவ்வொன்றாகச் சொல்."

அவள் விரலை மடக்கினாள். "குளிப்பாட்டணும். கோடி போடணும். வாய்க்கரிசி போடணும்." நாலாவது விரலைப் பிடித்துக்கொண்டாள். "வாசல்லருந்து கெளம்பணும்மா. பொம்பளைங்க சுடுகாட்டுக்குப் போவ மாட்டோம். வாசல்லதான் பாக்குறது. அவரு வாசலுக்கு வராமப் போயிட்டா, நான் எங்கேருந்து பாப்பேன்? நேத்தும் பாக்கல. போயிட்டு வரேன்னு ஒரு வார்த்தை அவரும் சொல்லல."

அப்போதுதான் விளங்கிற்று. எங்கள் வீட்டிலும் அப்படித்தான். ஆண்கள் இடுகாடுவரை போவார்கள். பெண்களுக்கு மரணம் வாசற்படியோடு முடிகிறது. வாசலுக்கு உடல் வராவிட்டால் அந்தப் பெண்ணுக்குச் சாவே நடக்கவில்லை. ஆஸ்பத்திரிப் பட்டியலில் வாசல் என்று ஒரு சொல் இல்லை.

அவள் சொன்னதையும் டாக்டர் சொன்னதையும் பக்கத்தில் பக்கத்தில் மனதில் வைத்துப் பார்த்தேன். அத்தனை உத்தரவுக்கும் அடியில் இருந்தது ஒரே கட்டளைதான்: அந்தப் பக்கத்திலிருந்து இந்தப் பக்கம் எதுவும் வரக்கூடாது. இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் போவதை யாரும் தடுக்கவில்லை.

"கோடித் துணி போகலாம்" என்றேன். "அரிசி போகலாம். பாடையும் போகலாம். பாலத்தின் நடுவில் வைத்துவிட்டு நீங்கள் பின்னால் வந்துவிட வேண்டும். வேலு எடுத்துக்கொள்வார். போனது எதுவும் திரும்பாது. தோள் கொடுக்க ஆளும் போகலாம். ஆனால் போகிறவர் டாக்டர் சொல்லும்வரை கொட்டகையிலேயே இருக்க வேண்டும். யார் வருகிறீர்கள்?"

முன்வரிசையில் அதிகம் சத்தம் போட்டவர்கள் கானைப் பார்க்கத் தொடங்கினார்கள். கான் தண்ணீரில் அப்படி என்ன இருந்ததோ!

"என்னா மாமா, மீனு எண்றீங்களா?" என்று பாப்பாத்தி கேட்டாள். அந்த நேரத்திலும் யாரோ சிரித்துவிட்டார்கள்.

பின்னாலிருந்து இருவர் வந்தார்கள். மாரிமுத்துவின் வரிசைக்குப் பக்கத்து வரிசையில் பால் வெட்டுகிறவர்கள். பாடையைத் தூக்கிக்கொண்டு பாலத்தைக் கடந்தார்கள்.

"குளிப்பாட்டுவது மட்டும் முடியாது" என்றேன் அஞ்சலையிடம். "அந்தத் தண்ணீர் கானுக்குள்தான் வரும். அதைத்தான் உன் பக்கத்து வீட்டுக் குழந்தை குடிக்கும். வாசலும்..." பாலத்துக் காவலைக் கையால் காட்டினேன்.

அஞ்சலை சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டாள். பிறகு திரும்பி லயத்தை நோக்கி நடந்தாள். பாப்பாத்தியும் பின்னால் ஓடினாள். மனமுடைந்து போகிறாள் என்று நினைத்தேன். சிறிது நேரத்தில் இரும்பால் மரத்தை அடிக்கும் சத்தம் கேட்டது. பிறகு செம்மண் பாதையில் அந்தப் பெண்கள் இருவரும் வருவது தெரிந்தது. தலைமேல் ஒரு கதவு.

சுண்ணாம்பு வெள்ளை இன்னும் காயாத, லயத்து அறைக் கதவு. கீல்கள் ஒரு பக்கம் தொங்கின.

"ஐயோ பிள்ளை! எஸ்டேட் கதவு!" என்று கிராணியார் கத்தினார். "துரை கேட்டால் நான் என்னெண்டு சொல்லுறது?"

"திரும்ப மாட்டித்தான தூங்கணும்? எங்க தூக்கிட்டு ஓடப் போறோம், கடலுக்கா?" என்றாள் பாப்பாத்தி மூச்சிரைக்க.

அஞ்சலை என்னிடம் வந்தாள். "அவரு வாசலுக்கு வர முடியாதுன்னா, வாசல் இங்க வரட்டும்மா."

தங்கைமாரே, உங்களுக்கு இப்படி ஒரு நிமிடம் நிச்சயம் வரும். நீங்கள் கேட்காத ஒன்றை உங்கள் முன்னால் கொண்டுவந்து வைப்பார்கள். புத்தகத்தில் அது இருக்காது. ஆம் என்று சொல்வதா இல்லை என்று சொல்வதா என்று யாரையும் கேட்க முடியாது. அப்போது அவர்கள் முகத்தைப் பார்த்து இரக்கத்தில் ஆம் என்று சொல்லிவிடாதீர்கள். பயத்தில் இல்லை என்றும் சொல்லிவிடாதீர்கள். அந்தப் பொருள் எங்கே நிற்கும், எதைத் தொடும், எங்கே திரும்பிப் போகும் என்று பாருங்கள். நான் பார்த்தது அவ்வளவுதான். கதவு சுண்ணாம்பு அடித்தது. இந்தப் பக்கத்தில் நிற்கும். எதையும் தொடாது.

கங்காணிக்கு வேறு யோசனை. "அந்தக் கதவு மேலயே படுக்கவச்சுத் தூக்கிட்டா என்னா?"

"வைக்கலாம். ஆனால் பிறகு கதவை எரிக்க வேண்டும்" என்றேன்.

"வேணாம்" என்றாள் அஞ்சலை. "கதவு எனக்கு வேணும். கதவில்லாம நான் எப்புடிப் படுக்குறது?"

கான்கரையிலிருந்து சில அடி தள்ளி, மண் உலர்ந்த இடமாகக் காட்டினேன். பாப்பாத்தியும் இன்னொருத்தியும் கதவை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டார்கள். குழந்தைகளைப் பின்னால் அனுப்பச் சொன்னேன். வேலுவைக் கூப்பிட்டு, உடலை எதிர்க்கரையில், கதவுக்கு நேரே வைக்கச் சொன்னேன். முகத்தை மட்டும் திறந்து.

அஞ்சலை ஒரு குடத்தில் மஞ்சள் தண்ணீர் கொண்டுவந்தாள். கிணற்றுத் தண்ணீர்தானா என்று நான் கேட்டேன். ஆமென்று தலையாட்டினாள். அவள் அதைக் கதவின்மேல் ஊற்றினாள். மேலிருந்து கீழே, நிதானமாக. உள்ளங்கையால் பலகை பலகையாகத் தேய்த்தாள். தோளைத் தேய்ப்பதுபோல, முதுகைத் தேய்ப்பதுபோல. கீல் இருந்த மூலையில் மண் ஒட்டியிருந்தது. அதை நகத்தால் சுரண்டி எடுத்தாள். மற்றப் பெண்களும் ஒவ்வொருத்தியாக வந்து ஒரு செம்பு ஊற்றினார்கள். வெள்ளையும் மஞ்சளுமாகத் தண்ணீர் வழிந்து அவர்கள் காலடி மண்ணிலேயே ஊறியது. அது கானுக்குள் போகவில்லை. நான் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். என் வேலை அதுதான்.

கோடித் துணியையும் இலையில் அரிசியையும் பாலத்தின் நடுவில் வைத்துவிட்டு வந்தார்கள். அக்கரையிலிருந்து வேலு ஒவ்வொன்றையும் உரக்கச் சொல்லிச் செய்தார்.

"தங்கச்சி, கோடி போட்டாச்சு! இந்தா, நெஞ்சு வரைக்கும் இழுத்து விட்டுருக்கேன். சரியா?"

"கால் தெரியுதுண்ணே" என்றாள் அஞ்சலை.

"மூடிட்டேன். இது ஒன் அரிசி. இப்பப் போடுறேன். இது பாப்பாத்தி அக்கா அரிசி."

"கொஞ்சம் கூடப் போடு, அந்த ஆளுக்குப் பசி தாங்காது" என்று சொல்லிவிட்டுப் பாப்பாத்தி அழத் தொடங்கினாள்.

அஞ்சலை கதவுக்குப் பின்னால் போய் நின்றாள். இப்போது கதவு அவளுக்கும் அவருக்கும் நடுவே சாத்தியிருந்தது.

"தொற அக்கா" என்றாள்.

பாப்பாத்தி கதவின் ஒரு ஓரத்தைப் பிடித்துக்கொண்டு நடந்து அதைத் திறந்தாள். நிலை இல்லை, சுவர் இல்லை, கூரை இல்லை. ஆனால் அங்கே நின்ற எவருக்கும் அது ஒரு வீடு திறப்பதாகத்தான் தெரிந்தது. வாசலில் அஞ்சலை நின்று அவர் முகத்தைப் பார்த்தாள். போதும் என்று அவள் தலையசைக்கும்வரை யாரும் அசையவில்லை. நானும் கடல் பெருக்கை மறந்திருந்தேன்.

பாடையைத் தூக்கினார்கள். அவள் கானின் விளிம்பைத் தெருமுனையாக எண்ணி நான்கு எட்டு நடந்து, அங்கே நின்றாள். அப்போதுதான் அழுதாள்.

குழியில் அடிமண் கசியத் தொடங்கும் முன்பே வேலு மூடிவிட்டார். நோய் அதற்கப்புறம் அஞ்சலையின் லயத்தில் எவருக்கும் வரவில்லை. தோள் கொடுக்கப் போன இருவரும் கொட்டகையில் தாயம் விளையாடிக் கொழுத்துத் திரும்பினார்கள்.

டாக்டர் வந்ததும் நடந்ததை உத்தரவு வாரியாகச் சொன்னேன். சிரிக்காத மனிதர் அவர். முழுவதும் கேட்டுவிட்டு ஒன்றுதான் கேட்டார்: "கதவு எந்தப் பக்கம் நின்றது?"

"லயத்துப் பக்கம்."

"கரையில் சுண்ணாம்புத் தூள் போட்டாயா?"

"இல்லை, டாக்டர்."

"அடுத்த தடவை போடு" என்று சொல்லிவிட்டுக் கைகழுவப் போனார். அடுத்த தடவை என்றாரே, அதுதான் அவருடைய சம்மதம்.

அடுத்த தடவையும் வந்தது, அதற்கடுத்ததும். மற்ற லயத்துக்காரர்களும் கதவைக் கழற்றிக்கொண்டு வந்தார்கள். ஒரு வீட்டில் கதவு இறுகிக் கழலாமல் போகவே, படிக்கட்டுப் பலகையைக் கொண்டுவந்து கான்கரையில் போட்டு அதற்கு உள்ளே நின்றார்கள். அதுவும் வாசலாகத்தான் இருந்தது. கிராணியார் தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் ஒருநாள் பார்த்தேன், தோட்டத்துத் தச்சனைக் கூட்டிக்கொண்டு லயம் லயமாகப் போய், துருப்பிடித்த கீல்களை மாற்றி, சுலபமாகக் கழற்றும்படி ஆணி போடவைத்துக்கொண்டிருந்தார்.

"என்ன ஐயா இது?" என்று கேட்டேன்.

"உவையள் உடைச்சுக் கழட்டுறதிலும் பார்க்க இது எஸ்டேட்டுக்கு லாபம், பிள்ளை" என்றார். முகத்தை என் பக்கம் திருப்பவில்லை.

அந்த இடுகாட்டை இப்போது பார்த்தால் ஒன்றும் தெரியாது. சுண்ணாம்பு போட்ட மேடுகள் மழையில் கரைந்து லாலான் புல் மூடிவிட்டது. ஆண்கள்கூட அங்கே போவதில்லை. மாரிமுத்துவுக்கு ஓர் இடம் இருந்ததென்றால் அது அவருடைய அறைக் கதவுதான். அஞ்சலை அதைத் திரும்ப மாட்டிக்கொண்டு, அதற்குப் பின்னால் தனியாகப் படுத்து எழுந்து வேலைக்குப் போனாள். வெள்ளிக்கிழமைகளில் அதற்கு ஒரு பொட்டு வைப்பாள்.

நான் வேலையை விடுவதற்குச் சற்று முன்பு அவளை அவள் அண்ணன் தன் தோட்டத்துக்கு அழைத்துக்கொண்டான். அவள் புறப்பட்ட அன்று நான் அந்த லயத்தில் குழந்தைகளை எடை பார்த்துக்கொண்டிருந்தேன். கப்பலில் வந்து இறங்கிய ஒரு புதுக் குடும்பத்துக்கு அந்த அறையைக் கொடுத்திருந்தார்கள். மருதாணி அழியாத கையோடு ஒரு சின்னப் பெண், வாசலுக்கு வெளியே மூட்டையை வைத்துவிட்டு உள்ளே வராமல் நின்றாள்.

"யக்கா, இந்த வீட்டுல ஒருத்தரு செத்துட்டாருன்னு சொல்றாங்களே, மெய்யா?"

"எம் புருசன்தான்" என்றாள் அஞ்சலை. "இந்த வாசல் வழியாத்தான் கெளம்பிப் போனாரு. குளிப்பாட்டி, கோடி போட்டு, அரிசி போட்டு, நான் இங்கேயே நின்னு நெறைவா அனுப்பிவச்சேன். பயப்பட ஒண்ணுமில்ல."

"ஆமா, நானுந்தான் கூட நின்னேன்" என்றாள் பாப்பாத்தி.

அவர் இந்தப் பக்கம் வரவே இல்லை. அவரைக் குளிப்பாட்டவும் இல்லை. அது எனக்குத் தெரியும்; அந்த உத்தரவைக் காத்தவளே நான்தான். தராசில் கிடந்த குழந்தையின் எடையைப் படித்து அதன் தாயிடம் சொன்னேன். வேறொன்றும் சொல்லவில்லை.

அந்தப் பெண் மூட்டையை எடுத்துக்கொண்டு உள்ளே வந்தாள். அஞ்சலை கதவை ஒருமுறை சாத்தித் திறந்து காட்டினாள்.

"மழை பேஞ்சா உப்பிக்கும்" என்றாள். "கொஞ்சம் தூக்கிச் சாத்து."